நாற்பத்தொரு சூரியன்களின் சில்லறை

முதல் காசு விழுந்தது ஒரு செவ்வாய்க்கிழமை, மிளகாய் அரைக்கிற நாளில், தங்கபுஷ்பத்தின் மாவு மில்லில், சங்கரம்மாளின் உள்ளங்கையில். இரண்டு கிலோ வத்தலும் ஒரு கிலோ மல்லியும் கொண்டுவந்து வைத்துவிட்டு, தனக்கு முன்னால் ஏழு தூக்குவாளிகள் வரிசையில் இருப்பதைப் பார்த்துப் பெருமூச்சு விட்டு, சுவரோரம் குந்தி, முந்தானையால் மூக்கைப் பொத்தியபடி ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருந்தவளின் கையில் திடீரென்று ஏதோ கனத்தது. விரித்துப் பார்த்தால், பச்சைக்கும் செம்புக்கும் நடுவில் ஒரு நிறத்தில், இப்போதுதான் இட்லித் தட்டிலிருந்து எடுத்ததைப் போன்ற சூட்டோடு, பழைய எட்டணா அளவில் ஒரு நாணயம். முன்பக்கத்தில் நாற்பத்தொரு புள்ளிகள். பின்பக்கத்தில் அவளுடைய தூக்குவாளியே, மூடியின் நெளிசல் உட்பட, அச்சாகப் பொறிக்கப்பட்டிருந்தது. சங்கரம்மாள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்; யாரோ தவறவிட்டது என்று நினைத்து மெஷின் மேடைமேல் வைத்துவிட்டுத் தும்மினாள்.

அன்று சாயங்காலத்துக்குள் மில்லில் பதினொரு காசுகள் விழுந்தன. ரேஷன் கடை வரிசையில் விழுந்தன, பஸ் நிலையத்தில் விழுந்தன, கம்பவுண்டர் பேர் கூப்பிடுவதற்காக மர பெஞ்சில் இருமிக்கொண்டிருந்தவர்களின் மடியில் விழுந்தன, தாலுகா அலுவலகத்தில் மட்டும் ஒரு மரக்கால் அளவுக்கு விழுந்தன. மறுநாள் அதே தாலுகா அலுவலகத்தின் அறிவிப்புப் பலகையில், ஆடு ஏலத்துக்கும் வாக்காளர் பட்டியலுக்கும் நடுவில், ஒரு சுற்றறிக்கை ஒட்டப்பட்டிருந்தது. நாற்பத்தொரு சூரியன்களின் கூட்டமைப்பில் முத்தூரணி வட்டம் ஆடி முதல் தேதியிலிருந்து சேர்க்கப்பட்டிருப்பதாகவும், அந்தக் கூட்டமைப்பில் ஒரு சூரியனிலிருந்து இன்னொரு சூரியனுக்குக் கடிதம் போய்ச் சேரவே இருநூறு வருடம் ஆகும் என்பதால் பொன், உப்பு, வெளிச்சம் என்று எதை நாணயமாக வைத்தாலும் ஓர் இடத்தில் மதிப்புள்ளது மறு இடத்தில் குப்பையாகிவிட்டதாகவும், கடைசியில் எல்லாச் சூரியன்களிலும் எல்லா உயிர்களிடமும் இருப்பது காத்திருப்பு ஒன்றுதான் என்று கண்டு அதையே அதிகாரபூர்வ நாணயமாக அடித்திருப்பதாகவும், அதன் பெயர் ‘நாழி’ என்றும் அதில் கண்டிருந்தது. எங்கள் ஊரை ஏன் சேர்த்தார்கள் என்று நாங்கள் கேட்கவில்லை. தொகுதியை மாற்றி எழுதியபோதும் கேட்கவில்லை, ரயில் பாதையைப் பக்கத்து ஊருக்குத் தள்ளியபோதும் கேட்கவில்லை, இதற்கு மட்டும் என்ன கேள்வி.

கூட்டமைப்பின் அலுவலர் இரண்டு மணி பஸ்ஸில் ஒரு டிரங்குப் பெட்டியோடு வந்து இறங்கினார். அவருடைய கண்ணிமைகள் பக்கவாட்டில் மூடின, காபி டீ எதுவும் வேண்டாம் வெந்நீர் போதும் என்றார், மற்றபடி மாற்றலாகி வரும் எந்த அதிகாரியையும் போலவே பெட்டியைக் கீழே வைக்கும் முன்பே வாடகை வீடு விசாரித்தார். அவருக்குக் காலியாகக் கிடந்த கால்நடை மருந்தகக் கட்டிடத்தைக் கொடுத்தார்கள். ஒரு நாழிக்குப் பதினொரு ரூபாய் நாற்பது காசு என்று சுண்ணாம்பில் எழுதி அவர் ஜன்னலைத் திறந்த அன்றே ஊர் அவருக்கு நாழி சார் என்றும், அந்தக் காசுக்குச் சும்மாக்காசு என்றும் பெயர் வைத்துவிட்டது. சும்மா உட்கார்ந்திருந்ததற்குக் கிடைப்பதை வேறு எப்படிச் சொல்வது?

முதல் தகராறு ரேஷன் கடையில் வந்தது. எங்கள் ஊரில் அநேகம் பேர் ரேஷன் வரிசையில் நேரில் நிற்பதில்லை. விடியற்காலையில் ஒரு வயர் கூடையையோ, ஒற்றைச் செருப்பையோ, பேர் எழுதிய செங்கல்லையோ வரிசையில் வைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விடுவோம், கூடை நின்றால் ஆள் நின்ற மாதிரி. இப்போது கூடைகளுக்குள்ளேயும் காசு கிடந்தது. கூடை காத்திருந்ததற்குக் கூடைக்காரிக்கு எப்படிக் காசு என்று, கால் கடுக்க நின்ற நாலு பேர் சண்டைக்குப் போனார்கள். நாழி சார் வந்து ஒவ்வொரு காசாக எடுத்துப் பின்பக்கம் பார்த்து, உட்கார்ந்து யோசித்து, தீர்ப்புச் சொன்னார். கூடைக்காரி வீட்டில் மீன் கழுவிக்கொண்டிருந்தாலும் அவள் மனம் பாமாயிலுக்காகக் காத்திருந்தது, ஆகவே காசு அவளுடையது. பக்கத்தில் இருந்த செருப்பின் சொந்தக்காரன் வரிசையை மறந்து டீக்கடையில் சீட்டாட்டம் பார்த்துக்கொண்டிருந்தான், ஆகவே செருப்புக்குக் கீழே காசு இல்லை. உடம்பு எங்கே நிற்கிறது என்பது கூட்டமைப்புக்கு ஒரு பொருட்டே அல்ல என்று அவர் சொன்னதை எல்லாரும் தலையாட்டிக் கேட்டுக்கொண்டோம்.

அந்தத் தீர்ப்பு தெரியாமல் பஸ் நிலையத்தில் எந்த பஸ்ஸிலும் ஏறாமல் நாள் முழுக்க உட்கார்ந்திருந்த ஒரு கூட்டத்துக்குக் கொசுக்கடிதான் மிச்சம். காசுக்காகக் காத்திருந்தால் காசு விழாது. ஆனால் நிஜமாகக் காத்திருப்பவர்களுக்குத் தட்டுப்பாடில்லாமல் விழுந்தது, அதனால் ஊரின் குணமே கொஞ்சம் மாறிப்போனது. முன்னால் விடச் சொல்லிக் கம்பவுண்டருக்குக் கொடுத்த இருபது ரூபாயை இப்போது பின்னால் தள்ளச் சொல்லிக் கொடுத்தார்கள். பஸ் தாமதமானால் டிரைவரை யாரும் வையவில்லை, கல்யாணப் பந்தியில் இடம் பிடிக்க ஓடிய கால்கள் நடந்து போயின. ஆண்கள் பின்பக்கத்தைப் பார்க்காமல் காசை வீட்டில் கொடுக்கக் கூடாது என்று கற்றுக்கொண்டார்கள், ஏனென்றால் ஒருவர் கொண்டுவந்த காசில் எதிர்த்தெரு ஜன்னல் ஒன்று திரைச்சீலையோடு தெளிவாக இருந்து, அந்த வீட்டில் மூன்று நாள் அடுப்பு எரியவில்லை.

இத்தனை பேருக்கும் விழுந்த காசு, காசு விழுந்த மில்லை நடத்திய தங்கபுஷ்பத்தின் கையில் மட்டும் ஒன்றுகூட விழவில்லை. அதை ஊர் கவனிக்கவில்லை. அவள் மட்டும் கவனித்தாள், கவனித்துப் பயந்தாள்.

அவளைப் பற்றிச் சொல்ல வேண்டும். பத்தொன்பது வருடங்களுக்கு முன் ஒரு மாசி மாதம், மில்லுக்கு பெல்ட் வாங்கி வருகிறேன் என்று மதுரை பஸ் ஏறிய அவள் கணவன் பரமகுரு திரும்பி வரவில்லை. அவர்கள் குடியிருந்த வீடும், அதன் முன்னறையில் இருந்த மில்லும், பரமகுருவின் அண்ணன் தவசிலிங்கத்தின் பெயரில் இருந்தன. உரக்கடை வைத்திருந்த தவசிலிங்கம் ஊரில் நாலு பேரைக் கூட்டிவைத்து, “என் தம்பி வருவான். அவனுக்காகக் காத்துக்கிட்டு இருக்கிற வரைக்கும் இது தங்கபுஷ்பத்தோட வீடு, காத்திருக்க முடியலன்னு சொன்னா அன்னைக்கே சாவியக் குடுத்துறணும்” என்று சொன்னார். நாலு பேரும் நியாயம்தான் என்றார்கள். அவளுக்குத் தாய்வீடு என்று போக ஓர் ஓலைக்குச்சுகூட இல்லை, மும்முனை மின்சாரம் இழுத்த மில்லைக் கையில் தூக்கிக்கொண்டு போகவும் முடியாது, அதனால் அவளும் சரி என்றாள்.

பிறகு ஊர் ஒரு தப்புச் செய்தது. தினமும் சாயங்காலம் ஆறு மணிக்கு மும்முனை மின்சாரம் நிற்கும், மோட்டார் ஓயும். காலையிலிருந்து மிளகாய் நெடியிலும் மோட்டார் சூட்டிலும் வெந்துபோன தங்கபுஷ்பம் முகத்தைக் கழுவிக்கொண்டு காற்று வாங்க வாசலில் வந்து நிற்பாள். ஆறு பத்துக்கு மதுரை பஸ் அந்த வழியாக வரும். மிளகாய்ப் பொடியில் அவள் கண் சிவந்து கலங்கியிருக்கும். இதைப் பார்த்துவிட்டு, பாவம், பஸ்ஸில் புருஷன் வருகிறானா என்று தினமும் அழுதுகொண்டே நிற்கிறாள் என்று முத்தூரணி முழுக்கச் சொல்லத் தொடங்கினோம். பஸ் டிரைவர்கள் அவள் வாசலில் வேகத்தைக் குறைத்து மெதுவாக ஒரு ஹாரன் அடித்தார்கள். புதுப்பெண்களைக் கூட்டிவந்து அவள் கையால் குங்குமம் வைக்கச் சொன்னார்கள். மகளிர் தினத்துக்கு ஒரு கேடயமும் கொடுத்தார்கள். அது வெறும் காற்றுதான் என்று அவள் ஒரு நாளும் சொல்லவில்லை, ஏனென்றால் இரண்டாவது வாரத்துக்குள்ளேயே அந்தக் காற்றின்மேல்தான் வீடு நின்றுகொண்டிருந்தது.

பரமகுருவுக்கு ஒரு பழக்கம் இருந்தது. அடிப்பதற்கு முன் கைக்கடிகாரத்தைக் கழற்றி, மடித்து, ஜன்னல் திட்டில் பத்திரமாக வைப்பான். அந்த வார் கொக்கி கழலும் சத்தம் கேட்டதுமே அவள் போய் அடுப்பை அணைத்துவிடுவாள். அவன் போன நாலாவது நாள், அவளே போய் பெல்ட் வாங்கி வந்து, அவளே ஏணியில் ஏறி மாட்டி, பச்சரிசி அரைத்துக்கொண்டிருந்தாள். மதியம் வாக்கில் யாரோ பாடுவது கேட்கிறதே என்று பார்த்தால், அது அவள்தான். பத்தொன்பது வருடத்தில் ஒரு நிமிடம்கூட அவள் அவனுக்காகக் காத்திருக்கவில்லை. அவன் வந்துவிடக் கூடாது என்பதைத் தவிர அவனைப் பற்றி அவளிடம் வேறு எந்த நினைப்பும் இல்லை.

ஐப்பசியில் இரண்டாவது சுற்றறிக்கை வந்தது. ஆடிக்கு முந்தைய பழைய காத்திருப்புகளுக்கும் நாணயம் வழங்கப்படும், ஏழு வருடத்துக்கு மேற்பட்டவை சமுதாயக் கூடத்தில் நடக்கும் சிறப்பு முகாமில் எல்லார் முன்னிலையிலும் தீர்க்கப்படும், உரியவர் மேஜைமேல் கையை விரித்து எதற்காகக் காத்திருந்தாரோ அதன் பெயரைச் சொல்ல வேண்டும். வாசித்து முடிக்கவில்லை, ஊரே மில்லுக்கு வந்துவிட்டது. பத்தொன்பது வருடத்துக்கு எத்தனை நாழி, அதைக் கொட்ட எத்தனை சாக்கு வேண்டும் என்று சங்கரம்மாள் விரல் விட்டு எண்ணினாள். அண்டா கொண்டு போ என்றார் ஒருவர். தவசிலிங்கம் தன் பங்குக்கு எதுவும் கேட்கவில்லை, அவர் அந்த மாதிரி ஆள் இல்லை. ஊர் எல்லையில் தங்கபுஷ்பம் பெயரில் ஒரு வளைவு கட்ட வேண்டும் என்று மட்டும் ஆசைப்பட்டு, விண்ணப்பத்தை அவரே எழுதிக் கொடுத்து, அவள் படம் போட்ட பிளெக்ஸ் போர்டையும் ‘காத்திருப்பின் கோபுரமே வருக’ என்று அச்சடிக்கக் கொடுத்துவிட்டு வந்தார்.

தங்கபுஷ்பத்துக்குக் காய்ச்சலே வந்தது. முகாமில் கை காலியாக இருந்தால் அன்றைக்கே சாவி போய்விடும், நாற்பத்தாறு வயதில் மோட்டாரும் இல்லாமல் கூரையும் இல்லாமல் தெருவில் நிற்க வேண்டும். அவள் அழுது புரண்டு உட்கார்ந்துவிடுகிற ஆளும் இல்லை. இன்னும் மூன்று வாரம் இருக்கிறதே, அதற்குள் நிஜமாகவே காத்திருக்கப் பழகிவிடலாம் என்று முடிவு செய்தாள். ஒரு காசு, ஒரே ஒரு காசு விழுந்தால் போதும், மிச்சம் இயந்திரக் கோளாறு என்று சொல்லிக்கொள்ளலாம்.

அதனால் தினமும் ஆறு மணிக்கு வாசலில் நின்று, வலது கையை விரித்துவைத்துக்கொண்டு, அவனைப் பற்றி ஏதாவது ஒரு நல்ல நினைப்பைத் தேடினாள். முதல் வாரம் முழுக்கத் தேடி ஒரு நுங்கு கிடைத்தது. திருச்செந்தூர் போகும் வழியில் பஸ்ஸை நிறுத்தியிருந்தபோது இறங்கிப் போய் அவளுக்கு நுங்கு வாங்கிக் கொடுத்தான். அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, அந்த நுங்கு வாங்கிய மனுசன் இந்த பஸ்ஸில் வந்து இறங்கட்டும், இறங்கட்டும் என்று கண்ணை மூடி நின்றாள். கை லேசாகச் சுடுவது போலக்கூட இருந்தது. அப்போது மிச்சமும் ஞாபகம் வந்தது. நுங்கு விற்றவன் சிரித்ததற்கு இவள் ஏன் சிரித்தாள் என்று வீட்டுக்கு வந்ததும் அவன் கடிகாரத்தைக் கழற்றினான். ஆறு பத்து பஸ் மரியாதையாக ஹாரன் அடித்துவிட்டுப் போனது. அவள் கையை மடக்கிக்கொண்டு உள்ளே போய் உலை வைத்தாள்.

முகாமுக்கு நாலு நாள் இருக்கும்போது, மதிய நேரம், ஆள் இல்லாத வேளையாகப் பார்த்து நாழி சாரின் அலுவலகத்துக்குப் போனாள். அவர் வெந்நீர் குடித்துக்கொண்டிருந்தார்.

“சார், எனக்குத் தெரிஞ்ச ஒருத்தி. அவ ஒரு ஆளு வந்துருவானோ, வந்துருவானோன்னு வருசக்கணக்கா வாசலையே பாத்துக்கிட்டு இருந்தா. அதுக்குக் காசு உண்டா?”

“வர வேண்டும் என்றா அம்மா, வரக் கூடாது என்றா?”

“வரக் கூடாதுன்னு.”

அவர் டிரங்குப் பெட்டியிலிருந்து ஒரு தடித்த புத்தகத்தை எடுத்து வெகுநேரம் புரட்டினார். இமைகள் இரண்டு தரம் பக்கவாட்டில் மூடித் திறந்தன.

“நாற்பத்தொரு சூரியன்களிலும் அது இருக்கிறது. எங்கள் ஊரில்கூட உண்டு. ஆனால் அதற்கு நாங்கள் காசு அடிப்பதில்லை.”

“ஏன் சார்? அதுலயும் தூக்கம் கெடுதுல்ல?”

“கெடுகிறது. ஒரு காலத்தில் அடித்துப் பார்த்தார்களாம். வாங்கிக்கொள்ள ஒரு கடையும் முன்வரவில்லை.” அவர் புத்தகத்தை மூடினார். “உங்களுக்குத் தெரிந்த அந்த ஒருத்திக்கு என் அனுதாபங்களைச் சொல்லுங்கள்.”

“முகாமுக்கு வராம இருந்துக்கிறலாமா சார்?”

“விண்ணப்பம் பதிவாகிவிட்டது. பெயர் கூப்பிட்டு ஆள் வராவிட்டால் வீட்டுக்கே வந்து கையை விரிக்கச் சொல்ல வேண்டும் என்பது விதி. அதற்கு ஊரும் கூட வரும்.” இந்த மூன்று மாதத்தில் அவருக்கு ஊரைப் பற்றி நன்றாகத் தெரிந்திருந்தது.

முகாம் அன்று சமுதாயக் கூடத்தில் காலை பத்து மணிக்கே நிற்க இடமில்லை. வாசலில் அவளுடைய படம் ஆள் உயரத்துக்குக் கைகூப்பி நின்றது. ஒவ்வொருவராக மேடைக்குப் போனார்கள். பதவி உயர்வு ஆணைக்காக இருபத்திரண்டு வருடம் காத்திருந்து அதே நாற்காலியில் ஓய்வு பெற்ற தபால்காரர் மாடசாமி கையை வைத்ததும் காசு மேஜை நிறைந்து தரையில் ஓடியது, எல்லாவற்றிலும் ஒரே பழுப்பு உறை. சொல்லாமல் போன மகளின் போனுக்காகக் காத்திருந்த ஒரு தாய்க்கு விழுந்த காசுகளை அவள் எண்ணாமலே மடியில் கட்டிக்கொண்டு போய் ஒரு மூலையில் உட்கார்ந்து அழுதாள், நாங்கள் யாரும் அந்தப் பக்கம் பார்க்கவில்லை. சலூன் கடை முனியாண்டி எதற்காகக் காத்திருந்தான் என்று யாருக்குமே தெரியாது; அவன் காதோடு காதாக நாழி சாரிடம் ஒரு பெயரைச் சொல்ல, விழுந்த காசு அத்தனையிலும் ஒரு பெண்ணின் பூப்போட்ட குடை இருந்தது. நூலகத்தில் வேலை பார்த்து மாற்றலாகிப் போன ஓர் அம்மாவின் குடை அது என்று அறிந்தவர்கள், அதன் பிறகு அவனைக் கேலி செய்வதை விட்டுவிட்டார்கள்.

“தங்கபுஷ்பம்” என்று கூப்பிட்டதும் கைதட்டல் கூரையைத் தொட்டது. தவசிலிங்கம் முன்வரிசையில் இரண்டு புது அண்டாக்களோடு உட்கார்ந்திருந்தார். அவள் மேடையேறி, மேஜைமேல் வலது கையை விரித்து, “பரமகுரு” என்றாள். அந்தப் பெயரை அவள் வாய்விட்டுச் சொன்னது கல்யாணத்துக்குப் பிறகு அதுதான் முதல் முறை.

ஒன்றும் விழவில்லை. மின்விசிறிகள் சுற்றின. இன்னொரு முறை சொல்லச் சொன்னார்கள், சொன்னாள். இடது கையை வைக்கச் சொன்னார்கள், வைத்தாள். இரண்டு உள்ளங்கைகளும், பத்தொன்பது வருட மிளகாய் ஏறிச் சிவந்து, வெறுமையாக இருந்தன.

தவசிலிங்கம் எழுந்தார். “என்ன இது? மிசின் பழுதா?”

“மிசின் எதுவும் இல்லை ஐயா. காத்திருப்பு இல்லை” என்றார் நாழி சார்.

அந்த நேரத்தில் தங்கபுஷ்பத்துக்குள் என்ன நடந்தது என்று பிற்பாடு அவளே எங்களிடம் சொன்னாள். பயம் இத்தனை நாளும் தலைமேல் ஏறி உட்கார்ந்திருந்ததாம். கை காலி என்று எல்லாரும் பார்த்த பிறகு, இனிமேல் பயப்பட என்ன இருக்கிறது என்று அது தானாகவே இறங்கிப் போய்விட்டதாம். அவள் மைக்கைப் பிடிக்கவில்லை, மோட்டார் சத்தத்துக்கு மேல் பேசிப் பழகிய குரல் அது.

“ஆமா. காத்திருக்கல. ஒரு நாளும் காத்திருக்கல. அந்த ஆளு போனதுல இருந்து நான் நிம்மதியா இருக்கேன். சாயங்காலம் காத்து வாங்க நின்னேன், நீங்களா ஒண்ணு நினைச்சுக்கிட்டீக, வீடு போயிரும்னு நானும் வாயத் தொறக்கல. பொம்பளப் பிள்ளைகளக் கூட்டிட்டு வந்து என் கையால பொட்டு வைக்கச் சொன்னீகளே, ஒவ்வொரு தடவையும் இதுக்கும் அப்படி ஒருத்தன் வாய்ச்சிறக் கூடாதேன்னு நினைச்சுக்கிட்டுத்தான் வச்சேன். இந்தாங்க அத்தான் சாவி.” இடுப்பிலிருந்து சாவிக் கொத்தை எடுத்து அவள் மேஜைமேல் வைத்தாள்.

தவசிலிங்கம் சாவியை எடுக்கத்தான் மேடைக்கு வந்தார். முகம் கறுத்திருந்தது. “ஊரு முன்னாடி என் தம்பிய இப்படிப் பேசிட்டல்ல? அவனுக்காக வருசா வருசம் பேப்பர்ல விளம்பரம் போட்டவன் நான்.”

தங்கபுஷ்பம் அவரை நிமிர்ந்து பார்த்தாள். “அப்ப நீங்க கைய வைங்க அத்தான். கூடப் பிறந்தவுக நீங்க, உங்களுக்காவது விழட்டும். அந்த வளைவ அவர் பேருலயே கட்டிருங்க.”

இதை அவர் எதிர்பார்க்கவில்லை. சாவியை எடுக்க நீண்ட கை பாதியில் நின்றது. வேண்டாம் என்று சொல்ல முடியாது, அறுநூறு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மெதுவாகக் கையை மேஜைமேல் விரித்து, தம்பியின் பெயரைச் சொன்னார்.

ஒன்றும் விழவில்லை.

தவசிலிங்கம் தன் உள்ளங்கையையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு அங்கே இருந்த நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் அவருடைய தோள்கள் கீழே இறங்கின. அவருக்குத் தோள்கள் அவ்வளவு கீழே இறங்கும் என்று அதுவரை நாங்கள் யாரும் பார்த்ததில்லை.

“எனக்குப் பதிமூணு வயசு, அவனுக்குப் பத்து” என்றார். “தூங்கும்போது வெந்நீய ஊத்துனான். இந்த முதுகப் பாருங்க. வளந்த பிறகும் கடைக்கு வந்து, வாட்சக் கழட்டி மேசையில வச்சுட்டுத்தான் பேசுவான். அவன் போன பிறகும் கதவுக்கு ரெண்டு தாழ்ப்பாள் போட்டுத்தான் நான் படுக்கேன்.”

“பெறகு எதுக்கு விளம்பரம்?” என்று கூட்டத்தில் யாரோ கேட்டார்கள்.

“எங்கயாவது செத்துக் கிடந்தா தகவல் வருமேன்னுதான்.”

தங்கபுஷ்பம் அவரையே பார்த்தாள். அவளுக்கு ஏதோ விளங்கியது, விளங்கியதும் கோபம் வந்தது. “அப்ப என்னைய எதுக்கு அந்த வீட்டுலயே கட்டி வச்சீக?”

அவர் தலையைக் குனிந்துகொண்டார். “வந்தான்னா மொதல்ல அங்கதான் வருவான். என் வீட்டுக்கு வரமாட்டான்.”

“என்னையக் காவலுக்கு வச்சிருக்கீக. பத்தொம்பது வருசம்.”

“ஆமா தங்கம்.” அவர் அழுதார். “ஆமா. தப்புதான்.”

அதற்குப் பிறகு நடந்ததற்கு யார் முதல் காரணம் என்று இன்றைக்கும் ஊரில் ஒரு முடிவு இல்லை. சங்கரம்மாள்தான் என்று சொல்பவர்கள் அதிகம். அவள் விறுவிறுவென்று மேடையேறி மேஜைமேல் கையை வைத்து “பரமகுரு” என்றாள், கையைத் திருப்பிக் காட்டினாள், இறங்கிப் போனாள். அவளுக்குப் பின்னால் மாடசாமி. அவருக்குப் பின்னால் பரமகுருவோடு பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள், அவனோடு சீட்டு ஆடியவர்கள், அவன் கல்யாணத்துக்கு நாதஸ்வரம் வாசித்தவர், வீட்டுச் சாவிக்கு நியாயம் சொன்ன அந்த நாலு பேரும். ஒவ்வொருவராகக் கை வைத்து, பெயரைச் சொல்லி, வெறும் கையோடு இறங்கினார்கள். நூறாவது கையின்போது யாரோ ஒரு பெண் களுக்கென்று சிரித்துவிட்டாள், வாயைப் பொத்தினாள், பொத்த முடியவில்லை. அது வரிசை முழுக்கத் தொற்றிக்கொண்டது. பத்தொன்பது வருடமாக அந்த வாசலைக் கடக்கும்போதெல்லாம் முகத்தைச் சோகமாக வைத்துக்கொண்டவர்கள் நாங்கள். அந்தச் சோகத்தை எல்லாரும் ஒரே நேரத்தில் இறக்கிவைத்தோம். ஊருக்கே சுளுக்கு விட்டது. அறுநூற்றுப் பன்னிரண்டு கைகளில் ஒரு காசுகூட விழவில்லை. தவசிலிங்கமும் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார், தங்கபுஷ்பம் அவர் கொண்டுவந்த அண்டா ஒன்றைப் பிடித்துக்கொண்டு நிற்க முடியாமல் சிரித்தாள்.

நாழி சார் மட்டும் சிரிக்காமல் விதிப்புத்தகத்தைப் புரட்டி, ஒரு தாளை எடுத்து, பச்சை மையில் எழுதி, நாற்பத்தொரு புள்ளி முத்திரையைக் குத்தினார். ‘முத்தூரணி பரமகுரு என்பாரை இவ்வூரில் எதிர்பார்ப்பார் எவரும் இலர். இவர் திரும்பி வரின், வர வேண்டிய இடம் என்று இவ்வூரில் ஏதும் இல்லை.’ தவசிலிங்கம் அன்றைக்கே அதை லேமினேட் செய்து ஊர் எல்லையில், வளைவு கட்ட நினைத்த இடத்தில், புளியமரத்தில் ஆணியடித்து மாட்டினார். கூட்டமைப்பின் முத்திரை உள்ள ஆவணத்தை மீறி ஒருவர் உள்ளே நுழைய முடியாது என்று நாழி சார் சொன்னார். அதை நாங்கள் முழுசாக நம்பினோம் என்று சொல்ல முடியாது, ஆனால் அன்று தவசிலிங்கம் ஒற்றைத் தாழ்ப்பாள் போட்டுப் படுத்தார், தங்கபுஷ்பம் அதைக்கூடப் போட மறந்துபோனாள்.

அடுத்த வாரம் புதன்கிழமை அவர்கள் இருவரும் சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போனார்கள். வீட்டையும் மில்லையும் அவள் பெயருக்கே எழுதிவிடுவதாகத் தவசிலிங்கம் சொல்லியிருந்தார். அவள் ஒன்றும் உருகிப்போய் நன்றி சொல்லவில்லை. “எழுதுங்க. அது உங்க கடமை. ஆனா உங்க மேல இருக்கிற கோவம் எனக்கு ஒரு வருசமாவது இருக்கும், அதையும் சொல்லிட்டேன்” என்றாள். அவர் அதற்கும் சரி என்றார். டோக்கன் எண் முப்பத்தாறு. பத்து மணிக்கு உட்கார்ந்தார்கள். பதினொன்றரைக்கு சர்வர் வேலை செய்யவில்லை என்றார்கள். பன்னிரண்டு மணிக்கு வந்தது, திரும்பவும் போனது. எதிரில் இருந்த சுவரில் பல்லி ஒன்று ஒரே இடத்தில் இருந்தது. தங்கபுஷ்பம் டோக்கன் எண் பலகையைப் பார்ப்பதும், புடவைத் தலைப்பை முறுக்குவதும், இன்னும் எத்தனை பேர் என்று எட்டிப் பார்ப்பதுமாக இருந்தாள். இந்த மனுசன் மனசு மாறிவிடுவாரோ, அதற்குள் மணி அடித்து மூடிவிடுவார்களோ, இன்றைக்கே முடிந்துவிடாதா, எப்போது கூப்பிடுவார்கள், எப்போது.

அப்போது அவள் கையில் ஏதோ கனத்தது.

முதலில் அவளுக்குப் புரியவில்லை. அவள் கண்முன்னால் ஆயிரம் பேருக்கு விழுந்த காசு அது, ஆனால் தன் கையில் அதன் சூடு எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது. மெதுவாக விரித்தாள். நாற்பத்தொரு புள்ளிகள். திருப்பினாள். பின்பக்கத்தில் அவளுடைய வீட்டு வாசல் இருந்தது, கதவு அகலத் திறந்திருந்தது, உள்ளே ஏணிமேல் நின்று ஒரு பெண் பெல்ட் மாட்டிக்கொண்டிருந்தாள்.

“என்ன தங்கம்? என்னாச்சு?” என்று பதறினார் தவசிலிங்கம்.

“அத்தான்” என்றாள் அவள். அலுவலகம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது, அவள் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை. “அத்தான், நான் காத்துக்கிட்டு இருக்கேன்.”

உள்ளே இருந்து யாரோ, சர்வர் மறுபடியும் போய்விட்டது, எல்லாரும் சாப்பிட்டுவிட்டு இரண்டு மணிக்கு வாருங்கள் என்று கத்தினார்கள். மற்றவர்கள் முனகிக்கொண்டே எழுந்து போனார்கள். தங்கபுஷ்பம் போகவில்லை. பெஞ்சில் நன்றாகச் சாய்ந்து, காலை நீட்டி, கையை மடியில் விரித்துவைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.